பதம்

பதினோரு நாளாக இந்த வீட்டில்
யாரும் யாரோடும் பேசுவதில்லை.
யாரும் என்றால் நானும் ஜன்டிராவும்.
மகள் இருவரோடும் பேசுகிறாள்,
கொஞ்சம் கூடுதலாகவே.

சனிக்கிழமை பள்ளியில் ஜூன் திருவிழா.
நாற்பது காதல் ஆப்பிள் கொண்டுவருவதாக
எங்களைக் கேட்காமல் கையைத் தூக்கியிருக்கிறாள்.
ஆமாம், பிரேசிலில் அதன் பெயரே அதுதான்.
குச்சியில் குத்திச் சிவப்புப் பாகில் முக்கினால்
ஆப்பிள் காதல் ஆப்பிள் ஆகிவிடும்.
பெயர் வைத்தவனுக்குப் பல் உடைந்ததில்லை போலும்.

வெளியே சாந்தா கத்தரீனாவின் குளிர்.
தோட்டங்கள் இலையெல்லாம் உதிர்த்து
வெறும் கம்பி வேலியாக நிற்கின்றன.
பழக் கிடங்கில் மெழுகு இயந்திரம் என் பொறுப்பு.
நாளுக்கு இருபது டன் ஆப்பிள்
என் தூரிகைகளின் கீழ் உருண்டு
மாப்பிள்ளை மாதிரி பளபளத்து வெளியே போகும்.
இன்றிரவு,
அங்கே கழித்துக்கட்டிய இரண்டு பெட்டியை
வெந்நீரில் போட்டு, வினிகர் விட்டு, துணியால் தேய்க்கிறேன்.
மெழுகின்மேல் பாகு ஒட்டாது.
பகலில் பூசியதை இரவில் உரிப்பவனுக்கு
எந்தக் கிடங்கு கூலி கொடுக்கும்?
சத்தமாகச் சொல்லியிருந்தால் ஜன்டிரா சிரித்திருப்பாள்.
பன்னிரண்டு நாளைக்கு முன்பு என்றால்.

விஷயம் பெரிதில்லை.
(இப்படித் தொடங்கியதுதான் முதல் தப்பு.)
கூரை மாற்ற வைத்திருந்த பணம்.
தம்பி ஓஸ்னியின் லாரிக்கு எஞ்சின்.
அவன் கேட்டான், கொடுத்தேன்.
அவள் கேட்டாள், 'பத்திரமாக இருக்கிறது' என்றேன்.
பொய்யில்லை.
லாரிக்குள் பத்திரமாகத்தான் இருக்கிறது.

குச்சி செருகிச் செருகி மகள் மேசையிலேயே தூங்கிவிட்டாள்.
அடுப்பில் இரண்டு கிலோ சர்க்கரை.
ஜன்டிரா கரண்டியில் ஒரு சொட்டு எடுத்து
குளிர்ந்த தண்ணீரில் விடுகிறாள்.
கரைந்தது.
அடுத்த சொட்டு கம்பியாக இழுத்தது.
அடுத்தது விரலுக்கிடையில் உருண்டது,
பிடிவாதமாக, ஆனால் இன்னும் மெத்தென்று.
காத்திருக்க வேண்டும்.
நான் வெண்ணெய் தடவிய தட்டோடு நிற்கிறேன்,
போட்டோவுக்கு நிற்பவன் மாதிரி.

அவள் சாயப் புட்டியைத் தேடி அலமாரிப் பக்கம் திரும்பினாள்.
பாத்திரத்தின் ஓரம் பழுப்பேறியது.
நானே ஒரு சொட்டு விட்டுப் பார்த்தேன்.
டிக்.
கண்ணாடி கிண்ணத்தைத் தட்டும் சத்தம்.

பாகு யாருடைய சண்டைக்கும் காத்திருக்காது.

'இப்போ' என்றேன்.

அவள் திரும்பவில்லை.
சாயத்தை ஊற்றினாள், ஒரு கிளறு கிளறினாள்.
'அணை' என்றாள்.

அதன்பிறகு,
சாய். சுற்று. தூக்கு. சொட்டவிடு. அடுத்தது.
அதிகம் சாய்க்காதே. சாய்க்கவில்லை. சாய்க்கிறாய்.
பதினோரு நாளில் பேசாததையெல்லாம்
இந்த ஐந்தாறு சொல்லுக்குள் பேசித் தீர்த்தோம்.
இருபது. இருபத்தைந்து.
முப்பத்தொன்றாவது ஆப்பிளில்
என் மணிக்கட்டில் விழுந்தது ஒரு சொட்டு.

கத்தவில்லை என்று பிறகு சொல்லிக்கொண்டேன்.
அவள் கையை இழுத்துக் குழாயடியில் பிடித்தாள்.
பனித் தண்ணீர்.
வலிக்கிறதா என்று கேட்பாள் என நினைத்தேன்.
'லாரி ஓடுகிறதா?' என்றாள்.
'இல்லை' என்றேன்.
மூக்கால் ஒரு சத்தம் வந்தது அவளிடமிருந்து.
சிரிப்போ சளியோ, நான் திரும்பிப் பார்க்கவில்லை.
பாத்திரத்தில் மிச்சப் பாகு இறுகிப்போனது,
கரண்டியும் அதற்குள் நின்றபடியே.
ஒன்பது ஆப்பிள் அம்மணமாக மிஞ்சின.

நள்ளிரவுக்கு மேல் மழை.
சமையலறை மூலையில் வாளி இருந்தது.
கூரைக்கு இன்று வேறு இடம் பிடித்துப்போய்
தட்டுக்கு ஒரு சாண் தள்ளிச் சொட்டியது.
ஈரம் பட்டால் பாகு அழும், கரையும், பிசுபிசுக்கும்.
இருவரும் ஒரே நேரத்தில் எழுந்தோம்.
மகளைத் தூக்கி அவள் அறையில் போட்டோம்.
வீட்டில் ஒழுகாத இடம் ஒன்றே ஒன்று.
தட்டுகளை அங்கே கொண்டுபோய்
கட்டில் நடுவில் வைத்தாள்,
முப்பத்தொரு சிவப்புத் தலைகள்,
குச்சியெல்லாம் மேலே பார்த்தபடி.

அந்தப் பக்கம் அவள். இந்தப் பக்கம் நான்.
விடியும்வரை
ஒருவரும் புரண்டு படுக்கவில்லை.